பேத்தமங்கலம்: தங்கவயலுக்குத் தண்ணீர் கொடுத்த ஏரி

கோலார் தங்கவயலைப் பற்றி எழுத உட்காருகிறவர்கள் பெரும்பாலும் நேராகச் சுரங்கத்துக்குள் இறங்கிவிடுவார்கள். சாம்பியன் ரீஃபின் மூன்று கிலோமீட்டரைத் தாண்டிய ஆழம், 120 வருஷத்தில் வெட்டியெடுத்த 800 டன்னுக்கு மேற்பட்ட தங்கம், வடார்க்காட்டிலிருந்தும் சேலத்திலிருந்தும் மூட்டை முடிச்சோடு போய் இறங்கிய தமிழ்த் தொழிலாளர்கள், 2001 பிப்ரவரி 28இல் விழுந்த பூட்டு. எல்லாம் எழுதியாகிவிட்டது, சினிமாவும் எடுத்தாகிவிட்டது. ஆனால் ஒரு சாதாரணக் கேள்வியை யாரும் கேட்பதில்லை. மழை குறைந்த மேட்டு நிலம். வருஷம் முழுக்க ஓடும் ஆறு ஒன்றுகூட இல்லாத சீமை. அங்கே ஒன்றரை லட்சம் ஜனம் எதைக் குடித்தது?

பேத்தமங்கலத்து ஏரித் தண்ணீரைக் குடித்தது. தங்கவயலிலிருந்து வடகிழக்கே சுமார் 10 கிலோமீட்டரில், பாலாற்றை மறித்து நிற்கிறது அந்த ஏரி. சுரங்கத்துக்குப் பல நூற்றாண்டு மூத்தது. சுரங்கம் மூடிய பிறகும் இருக்கிறது. தங்கம் வந்தது, போனது. ஏரி எப்படி இருந்தது, இப்போது எப்படி இருக்கிறது என்று பார்த்தால் தங்கவயலின் கதை வேறு விதமாகத் தெரியும். கீழே வாணியம்பாடியிலும் வேலூரிலும் மணல் தெரியக் கிடக்கும் பாலாற்றின் கதையும் அதோடு சேர்ந்து வரும்.

உடைந்ததும் அடைத்ததும்

பேத்தமங்கலத்தின் பழைய பெயர் விஜயாதித்தமங்கலம். பாண அரசர்களில் ஒருவனான விஜயாதித்தன் பெயரால் வந்தது என்பது கல்வெட்டு ஆய்வாளர்கள் கருத்து. மைசூர்ச் சமஸ்தானத்தின் கல்வெட்டுகளைத் தொகுத்த பி. எல். ரைஸ், கோலார் மாவட்டத்துக்கென்றே ஒரு தொகுதி போட்டார். அந்தக் கல்வெட்டுகள் இந்த ஏரியைப் பற்றிச் சொல்வதில் முக்கியமானது, ஏரி உடைந்த சேதிதான். 10ஆம் நூற்றாண்டில் கரை உடைந்தது. நொளம்ப அரசன் அடைத்தான். 12ஆம் நூற்றாண்டில் மறுபடி உடைந்தது. ஹொய்சளரின் தளபதி சொக்கிமய்யன் அதைச் சீர் செய்தான்.

உடைந்தது பெரிய விஷயமில்லை. ஆற்றுக்குக் குறுக்கே மண்கரை போட்டால், பெருமழைக் காலத்தில் என்றாவது உடையத்தான் செய்யும். அடைத்தவன் பெயரைக் கல்லில் வெட்டி வைத்தார்கள் என்பதுதான் விஷயம். போரில் ஜெயித்ததற்குச் சமமாக ஏரியை அடைத்ததும் புண்ணியக் கணக்கில், புகழ்க் கணக்கில் வந்தது. அரச வம்சங்கள் மாறின, மொழி மாறியது, ஊரின் பெயரே மாறியது. கரை மட்டும் அதே இடத்தில் நின்றது, ஒவ்வொரு காலத்திலும் அதை நிறுத்த ஒரு கை இருந்ததால்.

கோலார் சீமையின் ஏரி எதுவும் தனி ஏரி இல்லை. மேல் ஏரி நிறைந்து கோடி போனால், அதாவது வழிந்தோடினால், அந்தத் தண்ணீர் அடுத்த ஏரிக்கு. அது வழிந்தால் அதற்கும் கீழே. பாலாறு இங்கே ஆறாக ஓடுவதைவிட ஏரி ஏரியாக இறங்குவதே அதிகம். சிந்தாமணி, நந்திமலைப் பக்கத்து மேட்டில் தொடங்கி, கோலார் வழியாகப் பல ஏரிகளில் தங்கித் தங்கி, பேத்தமங்கலத்துக்கு வந்து, அங்கிருந்து ராமசாகரம் ஏரியில் விழுந்து, ஆந்திரத்தின் குப்பம் பக்கம் நுழைந்து, வாணியம்பாடிக்கு மேலே தமிழ்நாட்டுக்குள் வருகிறது. கர்நாடகத்தில் 93 கிலோமீட்டர், ஆந்திரத்தில் 33, தமிழ்நாட்டில் 222. வயலூருக்கருகே கடலில் கலக்கும்வரை மொத்தம் 348.

இந்தத் தொடரைக் கட்டிக் காக்க ஊர்தோறும் ஓர் ஆள் இருந்தார். கன்னடத்தில் நீரகண்டி என்பார்கள். நம் பக்கத்து மடையர், நீர்க்கட்டி மாதிரி. மதகு எப்போது திறப்பது, எந்தக் கழனிக்கு எத்தனை நாழிகை, எந்த வருஷம் நெல், எந்த வருஷம் கேழ்வரகோடு நிறுத்திக்கொள்ள வேண்டும் என்பதெல்லாம் அவர் கணக்கு. மழை தொடங்குவதற்கு முன், ஏரிக்குத் தண்ணீர் கொண்டுவரும் வரத்துக்கால் வெட்டிவிடுவதும், கரையில் எலி வளை, நண்டு வளை இருக்கிறதா என்று நடந்து பார்ப்பதும் அவர் வேலை. கூலி நெல்லாக, கேழ்வரகாகக் களத்துமேட்டில் கிடைக்கும்.

தூர் வாருவதற்குத் தனிச் செலவு ஏதும் இருக்கவில்லை. கோடையில் ஏரி வற்றும்போது வண்டி கட்டிக்கொண்டு வந்து வண்டல் அள்ளிப் போவார்கள். நிலத்துக்கு அதுதான் உரம். ஏரி ஆழமானது, கொல்லை செழித்தது. ஒரே வேலையில் இரண்டும் முடிந்தன.

தெருக்குழாய் வந்த காலம்

1871ஆம் ஆண்டு வாக்கில் அயர்லாந்துக்காரரான லாவெல் என்ற ஓய்வுபெற்ற சிப்பாய், இந்தப் பக்கத்துத் தங்கத்தைப் பற்றி ஜான் வாரன் என்ற பிரிட்டிஷ் அதிகாரி முன்பு எழுதிய குறிப்புகளைப் படித்துவிட்டு அதைத் தேடி வந்தார். 1880இல் ஜான் டெய்லர் கம்பெனி இறங்கியது. கொஞ்ச வருஷத்திலேயே முள்ளுக்காடாகக் கிடந்த இடத்தில் மாரிகுப்பம், சாம்பியன் ரீஃப், உரிகம், நந்திதுர்கம், கோரமண்டல் என்று சுரங்கமும் குடியிருப்புமாக ஒரு பட்டணம் எழுந்தது. 1902இல் சிவசமுத்திரத்திலிருந்து 92 மைல் கம்பி இழுத்து மின்சாரம் கொண்டுவந்தார்கள். அன்றைக்கு உலகத்திலேயே நீளமான மின்பாதைகளில் அதுவும் ஒன்று.

மின்சாரத்தைப் பற்றி எல்லோரும் பேசுவார்கள். அதே காலத்தில் வந்த குடிநீரைப் பற்றிப் பேச்சே இருக்காது. பிளேக்கும் காலராவும் மிரட்டிய நாட்கள் அவை. தட்டி வீடுகளில் நெருக்கியடித்துக் கிடந்த ஆயிரக்கணக்கான தொழிலாளர் குடும்பங்களுக்குக் கிணற்றுத் தண்ணீர் போதவும் இல்லை, நன்றாகவும் இல்லை. குவார்ட்ஸ் பாறையை இடித்துப் பொடியாக்கித் தங்கம் பிரிக்கும் ஆலைகளுக்கும் ஓயாமல் தண்ணீர் வேண்டும். 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பேத்தமங்கலத்தில் நீரேற்று நிலையும் வடிகட்டும் நிலையமும் வந்தன. ஏரித் தண்ணீர் சுத்தமாகி, குழாயில் மேடேறித் தங்கவயலுக்குப் போனது. நெல்லுக்கும் கேழ்வரகுக்கும் என்று வெட்டிய ஏரி, பட்டணத்துக்குத் தாகம் தீர்க்கும் ஏரியானது.

பேத்தமங்கலம் ஒரு காலத்தில் தாலுகாவின் தலைமையூர். ரயில் பவுரிங்பேட்டை வழியாகப் போனதும், அதாவது இன்றைய பங்காருப்பேட்டை வழியாகப் போனதும், கச்சேரி அங்கே போய்விட்டது. வியாபாரமும் பின்னாலேயே போனது. ஊருக்கு மிஞ்சியது ஏரிதான். அந்த ஏரிதான் ஊரைத் தங்கவயலின் தினசரி வாழ்க்கையோடு கட்டிப் போட்டது. துரைமார்களுக்கும் ஆங்கிலோ இந்தியக் குடும்பங்களுக்கும் ஞாயிற்றுக்கிழமை பிக்னிக் போகும் இடம். லைன் எனப்பட்ட வரிசை வீடுகளில் இருந்த தொழிலாளர்களுக்குத் தெருக்குழாயில் வரும் தண்ணீர்.

சுரங்கத்தில் ஷிப்ட் முறை. சங்கு ஊதும் நேரத்தைப் பார்த்து வீட்டில் அடுப்பு எரியும். குழாயடியில் குடம் வரிசை கட்டும். ஆண்கள் கூண்டில் ஏறிப் பூமிக்குள் இறங்க, பெண்கள் இடுப்பிலும் தலையிலும் பேத்தமங்கலத்தைச் சுமந்து வீட்டுக்குப் போவார்கள். குழாயடிச் சண்டையில் தெலுங்கும் தமிழும் கன்னடமும் கலந்து விழும். ஆனால் குழாயில் தண்ணீர் வந்தது. கம்பெனிக்குத் தங்கம் வேண்டும், தங்கத்துக்கு ஆள் வேண்டும், ஆளுக்குத் தண்ணீர் வேண்டும். ஆகவே ஏரியைப் பார்த்துக்கொள்ள ஒருவர் இருந்தார். நொளம்ப அரசனும் ஹொய்சளத் தளபதியும் உட்கார்ந்த இடத்தில் சுரங்கக் கம்பெனியும் சமஸ்தான இன்ஜினியரும் உட்கார்ந்தார்கள். நோக்கம் புண்ணியமா லாபமா என்று ஏரி கேட்கவில்லை.

ஏரிக்குள் ஒரு குடித்தனம்

இந்த மேட்டுநில ஏரிகள் வற்றாத ஏரிகள் அல்ல. ஐப்பசி, கார்த்திகையில் நிறைந்து, சித்திரை, வைகாசியில் வெடித்துக் கிடப்பதே இவற்றின் இயல்பு. அங்கே வாழும் உயிர்களும் அந்தக் கணக்கை ஒட்டியே வாழப் பழகியவை.

தண்ணீர் இறங்க இறங்கக் கெளுத்தியும் விராலும் சேற்றுக்குள் இறங்கும். விராலுக்குக் காற்றை நேராக உள்ளிழுக்கும் உறுப்பு உண்டு. மேல்சேறு காய்ந்து பாளம் பாளமாக வெடித்தாலும் அடியில் ஈரம் இருந்தால் உயிரைப் பிடித்துக்கொண்டிருக்கும். வயதானவர்கள் வெடிப்பைப் பார்த்தே, காற்றுக்காக அது வைத்திருக்கும் துவாரத்தைப் பார்த்தே, உள்ளே மீன் இருப்பதைச் சொல்லிவிடுவார்கள். ஆமையும் அப்படித்தான் மண்ணுக்குள் தூங்கும். முதல் பெருமழையில் வரத்துக்காலில் புதுத்தண்ணீர் நுரைத்து வரும்போது, ஏரியில் மிஞ்சிய மீன்கள் ஓட்டத்தை எதிர்த்து மேலே ஏறும். ஏத்துமீன் என்று ஊரே கூடையும் வலையுமாக இறங்கும் நாள் அது. முட்டையிடத்தான் அந்தப் பயணம். வரத்துக்கால் என்பது தண்ணீர் இறங்கும் வழி மட்டுமில்லை, மீன் ஏறும் வழியும் அதுதான் என்பதைக் கவனத்தில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் வரும்.

பறவைகளின் கணக்கு ஏரியின் ஆழத்தைப் பொறுத்தது. நடு ஆழத்தில் நீர்க்காகமும் முக்குளிப்பானும் மூழ்கி எழும். கூழைக்கடா கூட்டமாக மீனை வளைத்து ஒதுக்கும். ஓரத்து முழங்கால் தண்ணீரில் நாரையும் கொக்கும் அரிவாள் மூக்கனும். அதற்கும் விளிம்பில், சதசதவென்ற சேற்றில், நெடுங்கால் உள்ளானும் மற்ற உள்ளான்களும். சம்பங்கோரைக்குள் நீலத் தாழைக்கோழி. குளிர்காலத்தில் வடக்கேயிருந்து ஊசிவால் வாத்துகள் தக்காணத்து ஏரிகளுக்கு வரும். இமயத்தைத் தாண்டிப் பறந்து வரும் வரித்தலை வாத்துகளும் கர்நாடகத்து ஏரிகளில் இறங்குவதுண்டு. ஆழம், ஓரம், சேறு, கோரை என்று நான்கும் இருக்கும் ஏரிதான் பறவைக்கு ஏரி. கிண்ணம் மாதிரி ஒரே ஆழமாகத் தோண்டி, சுற்றிலும் கல் பதித்து நடைபாதை போட்டுவிட்டால், ஆழத்தில் மூழ்கும் பறவை தவிர மற்றதெல்லாம் பட்டினி. ஏரியை அழகுபடுத்துகிறோம் என்று கிளம்புகிறவர்கள் இதை யோசிப்பதே இல்லை.

எங்கே நின்றது?

பின்னாளில் இந்த ஏரி வற்றிப்போனது. ஏன் என்று கேட்டால் ‘மழை இல்லை’ என்று ஒரே வார்த்தையில் பதில் வரும். கோலாருக்கு எப்போதும் வருஷத்துக்கு 700, 750 மில்லிமீட்டர் மழைதான். பஞ்சம் பழைய காலத்திலும் உண்டு. இந்த 40, 50 வருஷத்தில் மாறியது மழையைவிட அதிகமாக, மழை விழுந்த பிறகு அது போகும் வழி.

முதலில் வந்தது கரண்ட் மோட்டார். கபிலை இறைத்த காலத்தில் கிணற்றில் ஊறியதுதான் வெளியே வரும். மோட்டார் வந்த பிறகு கிணறு காய்ந்தது, போர்வெல் போட்டார்கள். 200 அடி, 500 அடி, பிறகு 1,000 அடிக்கும் கீழே. கோலாரின் அடிப்பாறை கடினமான கருங்கல் வகை. அங்கே நீர் கடலாகத் தேங்கி நிற்பதில்லை. பாறையின் கீறல்களில்தான் இருக்கும். பல தலைமுறையாக ஏரிகள் கசியவிட்டுச் சேர்த்ததை ஒரே தலைமுறையில் இறைத்துவிட்டார்கள். கீழே போகப் போகத் தண்ணீரில் ஃப்ளோரைடு கூடியது. பல்லில் கறை, எலும்பில் வலி.

அடுத்து, தைல மரம். 1980களில் சமூகக் காடு வளர்ப்பு என்று கோலார் மாவட்டம் முழுக்க யூகலிப்டஸ் நட்டார்கள். கேழ்வரகு விளைந்த மானாவாரி நிலமெல்லாம் ஆலைக்குப் போகும் கட்டையானது. ஆள் கூலி இல்லை, காவல் இல்லை, ஆடு மாடு தின்னாது. விவசாயிக்கு அது வசதி. ஆனால் மேட்டில் விழும் மழை ஏரிக்கு வருவதற்குள் வேரோடு நின்றது. 2017இல் கர்நாடக அரசு புதிதாக யூகலிப்டஸ் நடத் தடை போட்டது. ஏற்கெனவே நட்டதெல்லாம் வெட்ட வெட்டத் துளிர்க்கும் ஜாதி.

மூன்றாவது, வரத்துக்கால். நீரகண்டியின் வேலை பொதுப்பணி அலுவலகக் கோப்புக்குப் போனது. ரசாயன உரம் வந்ததும் வண்டல் அள்ள வண்டி வரவில்லை. கால்வாய் ஓரம் வயல் கொஞ்சம் நீண்டது, பிறகு வீட்டுமனை நீண்டது, ரோட்டுக்கடியில் போட்ட குழாய் சிறுத்தது. பாலாற்று மணல் லாரியில் ஏறியது. மணல் போன இடத்தில் குழி, குழியில் தங்கிய தண்ணீர் கீழ் ஏரிக்கு இறங்கவில்லை. ஏரிக்குள்ளே சீமைக் கருவேலம் வேலி போட்ட மாதிரி முளைத்தது. ஏத்துமீன் ஏறிய வழியில் இன்று பல இடத்தில் சிமெண்ட்டும் குப்பையும்தான்.

இவை பேத்தமங்கலத்துக்கு மட்டும் நடந்தவை அல்ல. ஆனால் பேத்தமங்கலம் தொடரின் கடைசிப் பக்கத்தில் இருக்கிற ஏரி. மேலே உள்ள ஒவ்வோர் ஏரியிலும் நடந்த தவறு கூட்டிக் கூட்டி இங்கே வந்து சேரும். அதனால் மேலே வழி அடைபட அடைபட இதுவும் காய்ந்தது.

சுரங்கமும் இதே காலத்தில்தான் தேய்ந்துகொண்டிருந்தது. 1956இல் மைசூர் அரசு எடுத்துக்கொண்ட சுரங்கங்கள் 1962இல் மத்திய அரசுக்குப் போயின, 1972இல் பாரத் கோல்டு மைன்ஸ் ஆனது, 2001இல் மூடியது. மூடிய பிறகு பம்புகளும் நின்றன. 120 வருஷம் இரவு பகலாக வெளியே இறைத்த நிலத்தடித் தண்ணீர் சுரங்கத்துக்குள் ஏற ஆரம்பித்தது. இன்று தங்கவயல் மக்களின் காலுக்கடியில், கிலோமீட்டர் கணக்கில் நீளும் சுரங்கப் பாதைகளில், தண்ணீர் நிரம்பிக் கிடக்கிறது. மேலே அவர்கள் டேங்கர் லாரிக்குக் காத்திருக்கிறார்கள். தங்கம் பிரித்த பிறகு கொட்டிய கழிவு ஊருக்குள் மலையாகக் குவிந்து கிடக்கும் சயனைடு மேடுகளிலிருந்து காற்றுக்காலத்தில் சாம்பல் நிறத் தூள் பறந்து வீட்டுப் பாத்திரத்தில் படியும்.

லைன்களுக்குப் போனால் ஒவ்வொரு வீட்டு வாசலிலும் நீல டிரம் ஒன்றைப் பார்க்கலாம். பச்சையும் சிவப்புமாய்ப் பிளாஸ்டிக் குடங்கள் கயிற்றில் கோத்துக் கட்டிக் கிடக்கும். குளிக்க ஒரு தண்ணீர், சமைக்க ஒரு தண்ணீர், குடிக்கக் காசு போட்டுப் பிடிக்கும் கேன் தண்ணீர் என்று மூன்று வகை. விடியுமுன் மாரிகுப்பத்திலிருந்து பெங்களூருக்கு ரயில் ஏறும் ஆயிரக்கணக்கானவர்கள் ராத்திரி திரும்பி வந்து முதலில் கேட்பது, தண்ணீர் வந்ததா என்றுதான். கம்பெனி இருந்தவரை குழாயில் தண்ணீர் வராவிட்டால் கேட்க ஓர் ஆபீஸ் இருந்தது. அது போன பிறகு நகராட்சியைக் கேட்டால் குடிநீர் வாரியம் என்பார்கள், வாரியத்தைக் கேட்டால் ஏரியில் இல்லை என்பார்கள். ஏரியைக் கேட்பது யார்?

இரண்டு தண்ணீர்

கடந்த சில வருஷத்தில் கோலாருக்குத் தண்ணீர் இரண்டு வழியில் வந்தது.

ஒன்று, பெங்களூரின் கழிவுநீர். கோரமங்கலா, சல்லகட்டா பள்ளத்தாக்கில் இறங்கும் சாக்கடையைச் சுத்திகரித்து, நாளொன்றுக்கு 44 கோடி லிட்டர் வரை குழாயில் கோலாருக்கு அனுப்பி, 126 ஏரிகளை நிரப்புவது என்று திட்டம். கே.சி. வேலி என்று ஊரில் சொல்வார்கள். 2018 ஜூனில் லட்சுமிசாகர ஏரியில் முதல் தண்ணீர் விழுந்தது. வெடித்துக் கிடந்த ஏரி நிறைவதைப் பார்த்து ஜனம் பூஜை போட்டது. அடுத்த மாதமே நுரை பொங்கியது. வழக்கு உயர் நீதிமன்றத்துக்கும் உச்ச நீதிமன்றத்துக்கும் போனது. தடை வந்தது, தடை நீங்கியது, தண்ணீர் தொடர்ந்தது.

இதில் இரண்டு பக்கமும் நியாயம் உண்டு. ஏரி நிறைந்த இடங்களில் சுற்றுவட்டக் கிணறுகளும் போர்வெல்களும் ஊறின. 1,000 அடியில் காசைக் கொட்டிக் கடனாளியான விவசாயியிடம் போய் ‘இந்தத் தண்ணீர் வேண்டாம்’ என்று சொல்ல யாருக்கும் வாய் வராது. மறுபக்கம், இது இரண்டாம் நிலைச் சுத்திகரிப்போடு வரும் தண்ணீர். கண்ணுக்குத் தெளிந்திருந்தாலும் நைட்ரஜனும் பாஸ்பரசும் அதில் மிஞ்சியிருக்கும். அவை இரண்டும் தண்ணீரில் போடும் உரம். வெயிலில் பாசி பச்சையாகப் படரும். ஆகாயத்தாமரை கரைக்குக் கரை மூடும். ராத்திரியில் தண்ணீரின் பிராணவாயு குறையும். விராலும் கெளுத்தியும் மேலே வந்து மூச்சு வாங்கித் தப்பிக்கும், கெண்டை செத்து மிதக்கும். தடை செய்யப்பட்ட ஆப்பிரிக்கக் கெளுத்தி, ஜிலேபி மாதிரி எதையும் தாங்கும் மீன்தான் மிஞ்சும். வருஷத்தில் சில மாதம் காய்ந்து வெடித்துத் தன்னைத்தானே சுத்தம் செய்துகொள்ளும் ஏரி, இனிக் காயவே காயாது என்றால், சேற்றோர உள்ளானுக்கு இடம் எங்கே?

ஏரிகள் தொடராக இருப்பதால் இன்னொரு கவலை. மேல் ஏரியில் விட்டது வழிந்தால் கீழ் ஏரிக்கு வந்தே தீரும். பாசனத்துக்கு என்று விட்ட தண்ணீர், குடிநீர் ஏரி இருக்கும் திசையில்தான் இறங்குகிறது. மூன்றாம் நிலைச் சுத்திகரிப்பு வேண்டும் என்று கோலார்க்காரர்கள் கேட்பது ஆடம்பரமில்லை.

இன்னொரு தண்ணீர், வானத்திலிருந்து வந்தது. 2021 நவம்பரில் தென் கர்நாடகத்தில் கொட்டிய மழையில் கோலாரின் ஏரிகள் ஒன்றன்பின் ஒன்றாகக் கோடி போயின. பேத்தமங்கலமும் நிறைந்து வழிந்தது. ராமசாகரம் வழிந்தது. வெறும் மணலாகவே பாலாற்றைப் பார்த்து வளர்ந்த இளவட்டங்கள், கரைகொள்ளாமல் போகும் ஆற்றைப் பாலத்தில் நின்று செல்போனில் பிடித்தார்கள். வாணியம்பாடி, ஆம்பூர், வேலூர், ராணிப்பேட்டை எங்கும் வெள்ளம். 1903 நவம்பரில் வாணியம்பாடியைச் சூறையாடிய பெருவெள்ளத்தை மறுபடி எல்லோரும் பேசினார்கள்.

அந்த ஒரு மாதம் ஒரு விஷயத்தை நிரூபித்தது: ஏரிக்கு இன்னும் கொள்ளளவு இருக்கிறது, ஆற்றுக்கு இன்னும் வழி தெரியும். நூறு வருஷத்துக்கு ஒருமுறை வரும் மழையில் வழி தானாகத் திறந்துகொள்கிறது. சாதாரண வருஷத்து மழையில் திறக்க மனிதன் மண்வெட்டி பிடிக்க வேண்டும். நாம் செய்யாமல் விட்டது அந்தச் சாதாரண வருஷத்து வேலையைத்தான்.

கீழே இருக்கிற நாம்

பாலாறு என்றதும் தமிழ்நாட்டில் முதலில் நினைவுக்கு வருவது சண்டை. 1892இல் சென்னை மாகாணத்துக்கும் மைசூர்ச் சமஸ்தானத்துக்கும் ஆன ஒப்பந்தத்தில் காவிரியோடு பாலாறும் உண்டு. சென்னையின் சம்மதம் இல்லாமல் மைசூர் புதிய நீர்த்தேக்கம் கட்டக்கூடாது என்பது நிபந்தனை. ஆந்திரத்தின் 33 கிலோமீட்டரில் இருபதுக்கும் மேற்பட்ட தடுப்பணைகள் நிற்கின்றன; அவற்றை உயர்த்தும்போதெல்லாம் வழக்கு. நியாயமான வழக்குதான். ஆனால் அணையைப் பற்றிப் பேசும் அளவுக்கு, அணைக்கு மேலே இருக்கும் ஏரிகளைப் பற்றி நாம் பேசியதே இல்லை. கோலாரின் வரத்துக்கால்கள் அடைபட்டுக் கிடந்தால், கீழே அத்தனை தடுப்பணைகளையும் இடித்தாலும் சாதாரண வருஷத்தில் வாணியம்பாடிக்குச் சொட்டு வராது.

நமக்கும் அந்த ஏரிக்கும் உறவு தண்ணீரால் மட்டும் இல்லை. அந்தத் தண்ணீரைக் குடித்து வளர்ந்தவர்களில் பெரும்பாலானோர் வடார்க்காட்டுக் குடும்பங்களின் பிள்ளைகள். பாலாற்றங்கரையில் பிழைப்பில்லாமல் கிளம்பியவர்கள், அதே பாலாற்றின் மேல்பகுதித் தண்ணீரைக் குடித்துக்கொண்டு பூமியைத் தோண்டினார்கள். இன்று அவர்களுடைய பேரப்பிள்ளைகள் அங்கே குடத்தோடும், உறவினர்கள் இங்கே மணல் ஆற்றோடும் நிற்கிறார்கள்.

தங்கவயலுக்குத் தண்ணீர் கொடுக்க வேறு திட்டம் போடுவார்கள். கோலார், மாலூர், பங்காருப்பேட்டைக்காக மார்க்கண்டேய நதியில் யர்கோள் அணை கட்டி 2023இல் திறந்தார்கள். அந்தப் பட்டியலில் தங்கவயல் இல்லை. எங்கிருந்தோ குழாய் வரும் என்று காத்திருப்பதைவிட, 10 கிலோமீட்டரில் இருக்கும் ஏரிக்கு வழி விடுவது குறைந்த செலவு.

செய்ய வேண்டியது புதிய கண்டுபிடிப்பு எதுவும் இல்லை. பேத்தமங்கலத்துக்கு மேலே உள்ள தொடரை ஏரி ஏரியாக அளந்து, வரத்துக்கால்களின் எல்லையைக் கல் நட்டுக் காட்ட வேண்டும். ஏரிக்குள் வளர்ந்த சீமைக் கருவேலத்தை வேரோடு எடுக்க வேண்டும். வண்டலைக் கான்ட்ராக்டர் விற்காமல், விவசாயி இலவசமாக அள்ளிப் போக விட வேண்டும். தூர் வாரும்போது ஓரத்துச் சரிவையும் கோரையையும் விட்டு வைக்க வேண்டும். மேலிருந்து வரும் சுத்திகரித்த நீரை மாதாமாதம் சோதித்து முடிவை ஊர்ப் பலகையில் எழுத வேண்டும். கடைசியாக, மதகின் சாவியை யார் கையில் கொடுப்பது என்று தீர்மானிக்க வேண்டும். சம்பளத்தோடு, பொறுப்போடு, கரையில் தினம் நடக்கும் ஓர் ஆள். நீரகண்டி என்றே பெயர் வைத்தாலும் சரி.

தங்கவயலின் தங்கம் 120 வருஷத்தில் தீர்ந்தது. அந்த ஏரி ஆயிரம் வருஷம் தாண்டியும் தீரவில்லை. உடைந்தபோதெல்லாம் அதை அடைக்கத் தன் சொந்த நலனுக்காகவாவது ஒருவர் முன்வந்தார் என்பது தவிர அதற்கு வேறு காரணம் இல்லை. இந்த முறை உடைந்திருப்பது கரை அல்ல, மேலே உள்ள வழி. அடைக்க வேண்டிய வேலை இல்லை, திறக்க வேண்டிய வேலை. அது தங்கவயல் நகராட்சிக்கும் கோலார் மாவட்ட நிர்வாகத்துக்கும் சேர்ந்த வேலை; கேட்டு வாங்க வேண்டியது தங்கவயல்காரர்களும், கீழே பாலாற்றங்கரையில் இருக்கிற நாமும்.